வெட்டிய பிறகு கேட்ட அனுமதி

நேயர்களுக்கு வணக்கம். நீதிமன்ற அவமதிப்பு என்றதும், யாரோ நீதிபதியைத் தாறுமாறாகப் பேசி மாட்டிக்கொண்டார் என்றுதான் பலரும் நினைக்கிறோம். அவமதிப்பு என்ற சொல்லே அப்படி எண்ண வைக்கிறது. ஆனால் 1971ஆம் ஆண்டுச் சட்டம் இரண்டு வகைகளைப் பிரித்துச் சொல்கிறது. ஏசுவதும் நீதி நிர்வாகத்தில் குறுக்கிடுவதும் குற்றவியல் அவமதிப்பு. ஆணையை வேண்டுமென்றே மீறுவது உரிமையியல் அவமதிப்பு. இந்த இரண்டாவதற்கு வசைச்சொல் எதுவும் தேவையில்லை. மிகுந்த பணிவோடு, கைகட்டி வாய்பொத்தி நின்றுகொண்டே அதைச் செய்துவிடலாம்.

தில்லியில் அப்படித்தான் நடந்தது.

ஆரவல்லி மலைத்தொடர் தேய்ந்து முடியும் இடம் தில்லி. அங்கே எஞ்சியிருக்கும் பாறைமேட்டுக் காட்டை ரிட்ஜ் என்பார்கள். அந்தக் காட்டில் மரம் வெட்டுவதென்றால் உச்ச நீதிமன்றத்தின் அனுமதி வேண்டும். 1996இல் பிறந்த ஆணை அது. நகரின் தென்கோடியில் மத்திய ஆயுதக் காவல் படையினருக்காக ஒரு பெரிய மருத்துவமனை எழுந்தது. அதற்குப் போகும் சாலையை அகலப்படுத்தும் பொறுப்பு தில்லி வளர்ச்சி ஆணையத்துக்கு. 1,051 மரங்களை வெட்ட அனுமதி கேட்டு ஆணையம் மனு போட்டது. 2024 மார்ச் 4 அன்று மனு விசாரணைக்கு வந்தது. மனு தெளிவில்லாமல் இருக்கிறது, எத்தனை மரங்களைக் காப்பாற்ற முடியும் என்று பார்த்துவிட்டு வாருங்கள் என்று சொல்லி, நீதிபதிகள் அனுமதி மறுத்தார்கள்.

இதுவரை எல்லா வழக்குகளிலும் நடப்பதுதான். நான் இன்று பேச வந்ததே அடுத்த செய்திக்காக. அந்த மரங்கள் மார்ச் 4 அன்று நின்றுகொண்டிருக்கவில்லை! பிப்ரவரி 16 தொடங்கிப் பத்து நாட்களில் வெட்டி முடித்திருந்தார்கள். விழுந்துவிட்ட மரத்தை விழவைக்கலாமா என்று கேட்டிருக்கிறார்கள். வெட்டியாகிவிட்டது என்று யாரும் வாய் திறக்கவில்லை. எந்தெந்த மரத்தைக் காப்பாற்றலாம் என்று நீதிபதிகள் கவலைப்பட்டபோதும் அதே மௌனம்தான்.

உண்மை வெளியே வந்ததும் அவமதிப்பு வழக்கு தொடர்ந்தது. யார் சொல்லி வெட்டினீர்கள் என்பது ஒற்றைக் கேள்வி. அதற்குப் பதில் வாங்க நீதிமன்றம் பட்ட பாடு கொஞ்சமல்ல. ஆணையத்தின் தலைவர் துணைநிலை ஆளுநர். வெட்டுவதற்கு நீதிமன்ற அனுமதி தேவை என்பதே வெட்டி முடிந்த பிறகுதான் தமக்குத் தெரியவந்தது என்று அவர் பிரமாணப் பத்திரம் தாக்கல் செய்தார். ஆணையத்துக்கு அது தெரியாது என்று சொல்ல வழியில்லை. தெரிந்ததனால்தானே மனு போட்டார்கள்?

2025 மே 28 அன்று தீர்ப்பு வந்தது. முன் அனுமதி பெறாதது ஒரு மீறல், வெட்டியதை மறைத்தது இன்னொரு மீறல் என்று நீதிமன்றம் பிரித்துப் பார்த்தது. அவமதிப்பு நடந்தது என்பதில் அதற்குச் சந்தேகம் இல்லை. ஆனாலும் சாலை மருத்துவமனைக்காக, உள்நோக்கம் கெட்டதல்ல என்று கருதித் தண்டனையில் கை தளர்த்தியது. ஆணையத்தின் துணைத் தலைவர் அதற்குள் பதவியிலிருந்து மாறிவிட்டதால் அவர் மீதான நடவடிக்கை முடித்துவைக்கப்பட்டது. மற்ற அதிகாரிகளுக்குக் கண்டனமும், ஆளுக்கு 25,000 ரூபாய் சுற்றுச்சூழல் கட்டணமும்.

எனக்கு இது நெருடுகிறது. 2006இல் இதே உச்ச நீதிமன்றம், தன் ஆணையை மீறி மர அறுவை ஆலைகள் இயங்க அனுமதி கொடுத்ததற்காக மகாராஷ்டிர வனத்துறை அமைச்சரையும் முதன்மைச் செயலாளரையும் ஒரு மாதம் சிறைக்கு அனுப்பியது. (அது கோதவர்மன் திருமுல்பாடு வழக்கின் கிளை. நம் நீலகிரியின் கூடலூர்க் காடுகளுக்காக 1995இல் தொடங்கிய வழக்கு.) மருத்துவமனை நல்ல காரியம், மறுக்கவில்லை. சாலைக்காக வெட்டியதைக்கூட அதன் கணக்கில் எழுதிவிடலாம். நீதிமன்றத்தில் நின்று மறைத்ததை எந்த நோயாளியின் கணக்கில் எழுதுவது?

தீர்ப்பில் எனக்குப் பிடித்த பகுதிகளும் உண்டு. 185 ஏக்கரில் மரம் வளர்க்க வேண்டும், அதை மூவர் குழு மேற்பார்வையிட வேண்டும். அகலமான சாலையால் ஆதாயம் அடையும் வசதி படைத்தவர்களிடமிருந்தும் ஒருமுறைக் கட்டணம் வசூலிக்க வேண்டும். சாலை ஏழைப் படைவீரர்களுக்கு என்று சொல்லப்பட்டபோது, வழியில் இருக்கும் செல்வர்களின் பெயரை யாரும் எடுக்கவில்லை, பாருங்கள்.

இன்னொரு கட்டளையும் உண்டு. இனிமேல் மரம் வெட்டுவது, சாலை போடுவது போன்றவற்றுக்கு அதிகாரிகள் பிறப்பிக்கும் ஒவ்வோர் ஆணையிலும், அது தொடர்பான வழக்கு உச்ச நீதிமன்றத்தில் நிலுவையில் இருந்தால் அதை எழுத்தில் குறிப்பிட்டாக வேண்டும். தெரியாது என்று பிறகு யாரும் சொல்லக்கூடாதாம்.

வணக்கம்.