பிரிண்டர் மேல தப்பில்ல

வணக்கம். பேப்பர் இருக்கு, இங்க் இருக்கு, கேபிளும் சரியா மாட்டியிருக்கு, ஆனா பிரிண்ட் குடுத்தா ஒண்ணுமே வரமாட்டேங்குது. உங்கள்ல பல பேருக்கு இது நடந்திருக்கும். எனக்கு நடந்தது லினக்ஸ் சிஸ்டத்த புது வெர்ஷனுக்கு மாத்தின மறுநாள். கியூவுல "ஃபில்டர் ஃபெயில்டு"ன்னு ஒரே ஒரு வரி, அவ்வளவுதான். பிரிண்டர ஆஃப் பண்ணி ஆன் பண்ணேன், கழட்டி மாட்டினேன், அரை நாள் போச்சு.

கடைசியா டிரைவரோட ஃபில்டர் ஃபைல, அதாவது நாம அனுப்புறத பிரிண்டருக்குப் புரியுற மாதிரி மாத்துற புரோகிராம எடுத்து எல்டிடி கமாண்ட் அடிச்சு பார்த்தேன். ஒரு புரோகிராம் எந்தெந்த ஷேர்டு லைப்ரரிய, அதாவது பல புரோகிராம் பொதுவா பயன்படுத்துற ஃபைல நம்பி ஓடுதுன்னு அது வரிசையா காட்டும். பத்து வரி ஒழுங்கா இருக்கு, ஒரு வரில மட்டும் லிப்ஜேபெக் 62, நாட் ஃபவுண்ட்.

பிரிண்டருக்கும் ஜேபெக்குக்கும் என்ன சம்பந்தம்னு கேப்பீங்க. நீங்க அனுப்புற ஜேபெக் படம் சுருக்கி வச்சது, அத முதல்ல பிரிக்கணும், அத புள்ளி புள்ளியா மாத்தணும், அப்புறம்தான் பிரிண்டருக்கே போகும். அந்தப் பிரிக்கிற வேலைய ஒவ்வொரு டிரைவரும் தனித்தனியா எழுதிக்கிட்டு இருக்க முடியாதுல்ல, அதனால லிப்ஜேபெக்னு ஒரு பொது ஃபைல கூப்பிடுது. 1991ல வந்த லைப்ரரி அது, போட்டோ பார்க்குற புரோகிராமும் அதத்தான் கூப்பிடும், ஸ்கேனரும் அதத்தான் கூப்பிடும். விண்டோஸ்ல இந்த மாதிரி பொது ஃபைலுக்கு டிஎல்எல்னு பேரு.

இப்ப நான் செஞ்ச தப்ப சொல்றேன், ஏன்னா நிறைய பேர் இதத்தான் செய்றாங்க. சிஸ்டத்துல லிப்ஜேபெக் 8 இருந்துச்சு, அதுக்கே 62ன்னு பேர் வச்சு ஒரு லிங்க் போட்டுட்டேன். நாட் ஃபவுண்ட் போயிடுச்சு. பிரிண்ட் குடுத்தா லாக்ல வேற வரி: லைப்ரரி 80, கூப்பிடுறவர் எதிர்பார்க்குறது 62. அந்த வரியப் பார்த்ததும் எனக்கு ஒரு மரியாதையே வந்துடுச்சு. 80ங்கறது 8ஆவது பதிப்போட நம்பர், 62ங்கறது 1998ல வந்த 6பி பதிப்போட நம்பர். அதுக்கப்புறம் உள்ள டேட்டா அடுக்குற விதமே மாறிடுச்சு, எந்த விவரம் எத்தனாவது இடத்துல இருக்கும்ங்கற கணக்கு ரெண்டுக்கும் ஒத்துப்போகாது. கண்டபடி ஓடி கிறுக்கல அடிச்சுத் தள்ளாம, லைப்ரரியே நிறுத்தி காரணத்தையும் சொல்லுது பாருங்க. லிங்க அழிச்சுட்டு 62ஓட பேக்கேஜயே போட்டேன், பேர் வேறங்கறதால 62உம் 8உம் ஒண்ணா இருக்கும், சண்டை வராது. அடுத்த நிமிஷம் டெஸ்ட் பேஜ் வந்துச்சு.

அப்ப ஒவ்வொரு சாஃப்ட்வேரும் தன் காப்பிய தானே வச்சுக்கிட்டா இந்தத் தொல்லையே இல்லையேன்னு தோணும். அதுவும் நடந்திருக்கு. 2004ல படம் காட்டுறதுக்கான விண்டோஸோட ஜிடிஐ பிளஸ்ங்கற டிஎல்எல்ல ஒரு ஓட்டை, வேணும்னே தயாரிச்ச ஒரு ஜேபெக் படத்த திறந்தாலே வெளியாள் உள்ள வந்துடலாம். பல சாஃப்ட்வேர் சொந்தமா ஒரு காப்பி வச்சிருந்ததால சிஸ்டத்துல இருந்தத மட்டும் சரி பண்ணா பத்தல, தன்னோட எந்தெந்த சாஃப்ட்வேர்ல இந்த ஓட்டை இருக்கலாம்னு பார்க்க மைக்ரோசாஃப்டே ஒரு டூல் குடுத்துச்சு. 2023ல வெப்பி படங்கள பிரிக்கிற லிப்வெப்பிங்கற லைப்ரரில வந்த ஓட்டைலயும் இதே கதைதான், குரோம், ஃபயர்ஃபாக்ஸ்னு ஒவ்வொண்ணும் தனித்தனியா அப்டேட் விட வேண்டியிருந்துச்சு. அதனால பொதுவா ஒரே காப்பி இருக்குறதுதான் நல்லதுன்னு நான் நினைக்கிறேன், வெர்ஷன் தொல்லைய தாங்கிக்கலாம்.

ஒண்ணு மட்டும் கெஞ்சிக் கேட்டுக்கிறேன். டிஎல்எல் காணோம்னு விண்டோஸ் சொன்னா, அந்த ஒத்த ஃபைல நெட்ல தேடி ஏதோ ஒரு சைட்ல இருந்து எடுத்து சிஸ்டம் ஃபோல்டர்ல போடாதீங்க. வெர்ஷன் என்ன, யார் கை வச்சிருக்காங்க, எதுவும் தெரியாது. டிரைவர கழட்டிட்டு, கம்பெனி சைட்ல உங்க மாடல் நம்பர் பார்த்து, 32 பிட்டா 64 பிட்டான்னும் பார்த்து முழுசா திரும்பப் போடுங்க. லினக்ஸ்னா முதல்ல கப்ஸோட (CUPS, லினக்ஸ்ல பிரிண்ட் வேலைய பார்த்துக்கிற சாஃப்ட்வேர்) எரர் லாக திறங்க. நான் அரை நாள் தேடுன பதில் அதுலயே இருந்துச்சு, எந்த ஃபைல் இல்லைன்னு பேரோட.