கரிசல் காட்டில் ஒரு பேஸ்பால் மேடு

காற்றுச் சத்தம் கேட்கிறதுங்களா? மைக்குக்குப் பஞ்சு உறை போட்டும் இவ்வளவு கேட்கிறது. தை மாதத்தில் பாலக்காட்டுக் கணவாய்க் காற்று இப்படித்தான். விடியும் முன்பே கிளம்பிவிடும், மண்ணில் இருக்கிற ஈரத்தை எல்லாம் உறிஞ்சிக்கொண்டு போய்விடும்.

வணக்கங்க. கொழிஞ்சாம்பாறைக்குக் கிழக்கே, எல்லைச் சாவடிக்கு சைக்கிளில் போய்விடும் தூரத்தில் இருக்கிற எங்கள் மைதானத்தில் நிற்கிறேன். பின்னால் நீலத் தார்ப்பாய் தெரிகிறதல்லவா, அதற்குக் கீழே இருப்பதுதான் பிட்சர் நின்று பந்து வீசும் மேடு. எங்கள் பிள்ளைகள் பள்ளியில் சாஃப்ட்பால் ஆடி வந்தவர்கள். சாஃப்ட்பாலுக்கு மேடு கிடையாது, சமதரையில் நின்று கையைக் கீழிருந்து சுழற்றி வீசுவார்கள். பேஸ்பாலுக்கு வந்ததும் தோளுக்கு மேலிருந்து வீச்சு, அதற்கு ஒரு சரிவு வேண்டும். இரண்டு வருடமாக இந்த மேட்டோடுதான் என் காலையும் மாலையும் போகின்றன.

முதலில் அளவு. வட்டத்தின் குறுக்களவு 18 அடி. அதற்குள் பிட்சர் கால் வைக்கும் ரப்பர் கட்டை, 24 இஞ்ச் நீளம், 6 இஞ்ச் அகலம். ஹோம் பிளேட், அதாவது பேட்டர் நிற்கும் இடத்தில் பதித்திருக்கும் தட்டு, அதன் பின்முனையிலிருந்து அந்த ரப்பரின் முன்விளிம்புக்கு 60 அடி 6 இஞ்ச். 1893 முதல் இந்தத் தூரம் மாறவே இல்லை. வட்டத்தின் மையம் 59 அடியில் வரும். அதாவது ரப்பர் மையத்தில் இல்லை, ஒன்றரை அடி பின்னால் தள்ளி இருக்கிறது. நிறைய பேர் இங்கேதான் தப்பு பண்ணுகிறார்கள். மையத்தில் முளை அடித்து வட்டம் போட்டு, அதே முளையில் ரப்பரையும் பதித்துவிடுகிறார்கள். பிறகு முன்சரிவுக்கு இடம் பற்றாது.

உயரம் 10 இஞ்ச். 1968-இல் அமெரிக்காவின் மேஜர் லீகில் இது 15 இஞ்சாக இருந்தது. அந்த வருடம் பிட்சர்களை அடிக்கவே முடியவில்லை. பாப் கிப்சன் என்ற பிட்சர் ஒன்பது இன்னிங்ஸுக்குச் சராசரியாக 1.12 ரன்தான் கொடுத்தார். அதன் ஒரு பிரிவான அமெரிக்கன் லீகில் பேட்டிங்கில் முதலிடம் பிடித்த கார்ல் யஸ்ட்ரெம்ஸ்கியின் சராசரியே .301தான், அதாவது பத்து முயற்சிக்கு மூன்று ஹிட். அடுத்த வருடமே மேட்டை 10 இஞ்சாகக் குறைத்தார்கள். ஐந்து இஞ்ச் மண்ணுக்கு அவ்வளவு பலம். அதனால்தான் அரை இஞ்ச் கூடினாலும் குறைந்தாலும் நான் விடுவதில்லை.

அந்த 10 இஞ்சை மேட்டடித் தரையிலிருந்து அளக்கக் கூடாது, ஹோம் பிளேட்டிலிருந்து அளக்க வேண்டும். அறுபது அடிக்கு அப்பால் இருக்கிற தட்டோடு மட்டம் பார்ப்பது எப்படி? நம் கொத்தனார்கள் வைத்திருக்கும் டியூப் மட்டம் போதும். ஒரு முனை பிளேட்டில், மறு முனை ரப்பரில். டியூபுக்குள் காற்றுக்குமிழி இருக்கக் கூடாது, அவ்வளவுதான். கடலையளவு குமிழி ஒன்று வளைவில் ஒளிந்திருந்ததால் ஒரு தடவை முக்கால் இஞ்ச் தப்பாகிப் போனது. அப்புறம் முழு நாள் வேலையைக் கலைத்தோம்.

சரிவைப் பார்க்க நான் சொல்லும் வழி எளிது. ரப்பருக்கு முன்னால் 6 இஞ்ச் சமதரை, அங்கிருந்து அடிக்கு ஒரு இஞ்ச் இறக்கம். ஆறடி நேரான பலகை ஒன்று எடுங்கள். மேல்முனையைச் சரிவு தொடங்கும் இடத்தில் வையுங்கள். கீழ்முனைக்கு அடியில் 6 இஞ்ச் உயரக் கட்டை. பலகை மேல் ரசமட்டத்தை வைத்தால் குமிழி நடுவில் நிற்க வேண்டும். நின்றால் சரிவு சரி. விதி கேட்பது குறைந்தது ஆறடிக்கு. அதே இறக்கத்தைத் தொடர்ந்தால் பத்தடியில் பத்து இஞ்சும் முடிந்து, வட்டத்தின் விளிம்பில் போய்ச் சரியாகத் தரையைத் தொடும். முதல் தடவை அது ஒத்துவந்தபோது எனக்கு உடம்பு சிலிர்த்தது.

இனி மண். இதைக் கொஞ்சம் நிதானமாகச் சொல்ல வேண்டும், ஏனென்றால் முதல் மேட்டை நான் மண்ணில்தான் கெடுத்தேன்.

கேரளத்தில் கரிசல் மண் இருப்பது எங்கள் சித்தூர் தாலுகாவில்தான். ஈரத்தில் பிசைந்தால் மெழுகு மாதிரி இருக்கும். இதைவிடக் கெட்டியான களிமண் எங்கே கிடைக்கப்போகிறது என்று ஐப்பசியில் அதையே கொட்டி மேடு போட்டோம். கார்த்திகை வரைக்கும் கல்லு மாதிரி நின்றது. மாசியில் வெடித்தது. இரண்டு விரல் உள்ளே போகும் வெடிப்பு. கரிசல் நனைந்தால் உப்பும், காய்ந்தால் சுருங்கும். எந்தத் திமிசால் இடித்தாலும் அந்தக் குணம் மாறாது. ஒரு பெண் பிள்ளை வீசி முடித்து முன்காலை ஊன்றியபோது வெடிப்பின் ஓரம் பெயர்ந்து கணுக்கால் பிசகிவிட்டது. மூன்று வாரம் ஆடவில்லை. அந்த மேட்டைப் போட்டது நான்தான், வேறு யாரும் இல்லை. அன்று மாலையே வெட்டி எடுத்துவிட்டோம்.

இப்போது இருப்பது குளத்து வண்டல், செம்மண், மணல் மூன்றும் கலந்தது. கலவையைக் கண்ணால் நம்ப வேண்டாம், பாட்டிலில் போட்டுப் பாருங்கள். ஒரு லிட்டர் பாட்டிலில் மூன்றில் ஒரு பங்கு மண், மேலே தண்ணீர், ஒரு சிட்டிகை சோப்புத்தூள். நன்றாகக் குலுக்கி அசையாமல் வையுங்கள். ஒரு நிமிடத்தில் அடியில் படிவது மணல், இரண்டு மணி நேரத்தில் அதன்மேல் படிவது வண்டல், ஒரு நாள் கழித்து மேலே படிந்திருப்பது களி. மேட்டுக்குக் களி நூற்றுக்கு நாற்பது பங்காவது வேண்டும். இன்ஃபீல்டுக்கு, அதாவது பேஸுக்குப் பேஸ் ஓடுகிற மண்தரைக்கு, நேர்மாறு. அங்கே மணல் அறுபது எழுபது பங்கு இருந்தால்தான் ஓடுகிற பிள்ளைக்குக் கால் பிடிக்கும், சறுக்கும்போது தோலும் உரியாது.

ஒரு மேட்டுக்கு எவ்வளவு மண்? இடித்து இறுகிய பிறகு ஏறக்குறைய 90 கன அடி. தளர்வான மண்ணாக வாங்கும்போது ஒன்றேகால் யூனிட், அதாவது 125 கன அடி, சொல்லிவிடுங்கள்.

போடும் விதம் நம் பாட்டன்மார் களம் போட்ட விதம்தான். மொத்தமாகக் கொட்டி உருட்டக் கூடாது. ஒரு இஞ்ச் கனத்துக்கு மண் பரப்பு, தண்ணீர் தெளி, திமிசால் இடி. மேல்தோலைச் சீப்பு மாதிரி கீறிவிட்டுத்தான் அடுத்த படை. கீறாமல் போட்டால் இரண்டு படையும் ஒட்டாது, தோசை மாதிரி உரிந்து வரும். எங்களுக்கு நான்கு நாள் ஆயிற்று.

பிட்சரின் கால் மேட்டை இரண்டு இடத்தில் குடையும். ஒன்று ரப்பரை ஒட்டி முன்னால், மற்றது ஐந்தாறு அடி தள்ளி முன்கால் வந்து விழும் இடம். அமெரிக்காவில் இந்த இரண்டு இடத்துக்கென்றே சுடாத களிமண் கல் விற்கிறார்கள். நமக்கு அது எதற்கு, சூளை இருக்கிறதே! பச்சைக்கல் கேட்டுப் போனேன். சூளைக்கார அண்ணன் என்னை ஏற இறங்கப் பார்த்தார். “ஏனுங் தம்பி, சுடாத கல்லை வாங்கிட்டுப் போயி மண்ணுக்குள்ளயே பொதைக்கறீங்களா?” ஆமாங்க, அதுக்குத்தான் என்றேன். கல்லை நெருக்கி அடுக்கி, இடுக்கில் ஈரக்களி திணித்து இடித்து, மேலே ஒரு இஞ்ச் மண் போட்டு மூடினோம். இன்றைக்கு வரைக்கும் குழி அந்தக் கல்லைத் தாண்டி இறங்கவில்லை.

பராமரிப்பு என்றால் பெரிய விஷயம் இல்லை, ஆனால் ஒரு நாளும் விடக் கூடாது. ஆட்டம் முடிந்ததும் குழியில் இருக்கும் பொடிமண்ணைச் சீமாறால் பெருக்கி வெளியே எடுத்துவிடுங்கள். பொடிமேல் களி ஒட்டாது. குழியை நனைத்து, ஈரக்களி வைத்து, திமிசின் அடியில் சாக்குத்துணி கட்டி இடியுங்கள். துணி கட்டாவிட்டால் களி திமிசோடு வந்துவிடும். கடைசியாகத் தண்ணீர் தெளித்துத் தார்ப்பாய் மூடி, ஓரத்துக்கு மணல் மூட்டை. இந்தக் காற்றுக்கு மூட்டை இல்லாவிட்டால் தார்ப்பாய் பக்கத்துத் தென்னந்தோப்பில் கிடக்கும்.

இன்ஃபீல்டைச் சமன் செய்ய ஆணி அடித்த பலகையை முதலில் இழுத்து, பிறகு தென்னை நார்ப் பாயை இழுக்கிறோம். புல் ஓரத்துக்கு ஒரு அடி முன்பே நிறுத்திவிட வேண்டும். ஓரம் வரைக்கும் இழுத்தால் மண் புல்லுக்குள் ஏறி, மாதக்கணக்கில் ஒரு வரப்பே கட்டிவிடும். அப்புறம் மழைத் தண்ணீர் வெளியே போக வழியில்லாமல் பேஸ் பக்கம் தேங்கும், உருண்டு வரும் பந்தும் அதில் பட்டு முகத்துக்கு எகிறும். அந்த ஒரு அடியைக் கையால் சீமாறு போட்டு உள்பக்கமாகத் தள்ளுங்கள். மழைக்குப் பிறகு தேங்கிய தண்ணீரையும் பெருக்கித் தள்ளாதீர்கள், தண்ணீரோடு நல்ல மண்ணும் போய்விடும். மக்கால் மொண்டு, மீதியைச் சாக்கால் ஒற்றி எடுங்கள்.

சரி, தார்ப்பாயை எடுக்கிறேன், கிட்டே காட்டுகிறேன் பாருங்கள். நேற்று மாலை தெளித்த ஈரம் இன்னும் நிறம் மாறாமல் இருக்கிறது. இது என் வண்டிச் சாவி. முன்கால் விழும் இடத்தில் அழுத்துகிறேன். உள்ளே போகிறது. இழுக்கிறேன். சாவியில் கொஞ்சம் களி ஒட்டியிருக்கிறது, தெரிகிறதா? சுத்தமாக வெளியே வர வேண்டும், குத்திய தடமும் சரியாமல் நிற்க வேண்டும். ஒட்டுகிறது என்றால் ஈரம் ஒரு மாத்திரை அதிகம். பிள்ளைகள் சைக்கிளை நிறுத்திக்கொண்டிருக்கிறார்கள். இருபது நிமிடம் ஓடி உடம்பைச் சூடாக்கட்டும், அதற்குள் இந்தக் காற்றே இதைக் காயவைத்துவிடும்.