கை தெரியாத சிற்பியும் கேமராவும்

அவையோருக்கு வணக்கம்.

கல்லில் வேலை செய்யும் சிற்பியைப் படமெடுப்பவருக்கு உளியும் சுத்தியலும் தெறிக்கும் சில்லுமே பாதிப் படத்தைத் தந்துவிடும். எண்ணத்தைத் தாம் தந்து, செய்யும் வேலையைப் பெரும்பாலும் பிறரிடம் விடும் கருத்துருச் சிற்பியிடம் அந்த வசதி கிடையாது. 1960இல் இத்தாலியின் பதுவா நகரில் பிறந்த மௌரிட்சியோ கட்டெலானை எடுத்துக்கொள்வோம். விண்கல் தாக்கித் திருத்தந்தை இரண்டாம் யோவான் பவுல் சாய்ந்து கிடப்பதாக 1999இல் அவர் காட்சிக்கு வைத்த உருவத்தின் மெழுகு வேலையைச் செய்தவர், பாரிஸ் சிற்பி தானியேல் துருவே. இத்தகைய உருவங்களுக்குத் தம்மையே படைப்பாளராக ஏற்க வேண்டும் என்று துருவே தொடுத்த வழக்கு 2022இல் பாரிஸ் நீதிமன்றத்தில் எடுபடவில்லை. (என் மனம் சற்றே துருவே பக்கம் சாய்கிறது என்பதை மறைக்க விரும்பவில்லை.) அப்படியானால் கேமரா யாருடைய கையைக் காட்டுவது?

கட்டெலானைப் பற்றி மௌரா ஆக்சல்ராட் இயக்கி 2016 ஏப்ரலில் முதன்முதலாகத் திரையிடப்பட்ட ஆவணப்படம் கையைத் தேடவே இல்லை, ஆளைத் தேடுகிறது. 1989இல் பொலோன்யாவில் தம் முதல் தனிக்கண்காட்சிக்கு வைக்கத் தக்கதாக எதுவும் அமையாதபோது, கட்டெலான் காட்சிக்கூடத்தைப் பூட்டி, 'இதோ வந்துவிடுகிறேன்' என்ற பலகையை மட்டும் தொங்கவிட்டார். படத்தின் தலைப்பும் அதுவே. முன்னாள் காதலியர், கலை வணிகர்கள், சேகரிப்பாளர்கள் எனப் பலரும் அவரைப் பற்றிப் பேச, நடுவே கட்டெலானாக அமர்ந்து விடை சொல்பவர் கட்டெலானே அல்லர். பல ஆண்டுகளாக அவருக்குப் பதிலாகப் பேட்டியும் உரையும் அளித்துவந்த க்யூரேட்டர், அதாவது கண்காட்சிகளைத் தொகுத்து அமைப்பவர், மாசிமிலியானோ ஜோனிதான் அவர். உண்மை தெரிந்த பின் முந்தைய காட்சிகளை மனத்துக்குள் மறுபடி ஓட்டிப் பார்க்கிறோம். அவ்வளவு நேரம் நாம் ஒரு முகத்தை நம்பியதற்கு, அது சொல்லிக்கொண்ட பெயரைத் தவிர வேறு ஆதாரம் இருக்கவில்லை. சிற்பியின் உத்தியையே படம் தன் உடலாக்கிக்கொண்டதால், இதை அவரைப் பற்றிய செய்தித்தொகுப்பாக அன்றி அவருடைய வேலையின் தொடர்ச்சியாகவே நான் காண்கிறேன். ஏலத் தொகைகளைப் பேசும் பகுதிகள்தாம் சலிப்பூட்டின.

2011இல் நியூயார்க் குகன்ஹைம் அருங்காட்சியகத்தில், ஏறத்தாழ 130 படைப்புகளை நடுக்கூடத்தின் உச்சியிலிருந்து கயிற்றில் தொங்கவிட்டபோது, கலையிலிருந்து ஓய்வு பெறுவதாக அவர் அறிவித்திருந்தார். ஆனால், படம் திரைக்கு வந்த அதே ஆண்டு செப்டம்பரில், பார்வையாளர்கள் பயன்படுத்தக்கூடிய பதினெட்டு காரட் தங்கக் கழிப்பறை ஒன்றுடன் அதே அருங்காட்சியகத்துக்கு அவர் திரும்பி வந்தார்.