குழாய் வைத்த டிரம்மும் ஒரு குவளையும்

வணக்கம் நண்பர்களே. என் கையில் இருப்பது மருந்துக் கடையில் கிடைக்கும் ஓ.ஆர்.எஸ். பொட்டலம். வீட்டில் யாருக்கு வயிற்றுப்போக்கு என்றாலும் இதைத்தான் முதலில் கரைக்கிறோம். இதன் பின்னால் இருக்கும் மனிதரைப் பற்றித்தான் இன்று பேசப் போகிறேன்.

டாக்டர் திலீப் மகாலனபிஸ். மகாலனபிஸ் என்றதும் சிலருக்கு நினைவுக்கு வரும் புள்ளியியல் மேதை அல்ல, இவர் குழந்தைகள் மருத்துவர். 1971இல் கிழக்குப் பாகிஸ்தானிலிருந்து அகதிகள் லட்சக்கணக்கில் வந்தார்கள். கூடவே காலராவும் வந்தது. மேற்கு வங்க எல்லையில் போங்காவ் என்ற ஊரின் மருத்துவமனைக்கு இவர் போனபோது, காலரா நோயாளிகளுக்கு இருந்தவை இரண்டு அறைகள், 16 கட்டில்கள். மற்றவர்களெல்லாம் தரையில் கிடந்தார்கள். நரம்பில் ஏற்றும் சலைன் கையிருப்போ கரைந்துகொண்டே போனது.

காலரா குடலைப் பாடாய்ப் படுத்தினாலும், சர்க்கரையை உறிஞ்சும் வழியை அது அடைப்பதில்லை. சர்க்கரை உள்ளே போகும்போது உப்பையும் இழுத்துக்கொள்கிறது. உப்பின் பின்னால் தண்ணீர் போகிறது. டாக்காவிலும் கல்கத்தாவிலும் மருத்துவமனைகளில் இதைச் சோதித்துப் பார்த்திருந்தார்கள். ஆனால் அங்கே பக்கத்தில் எப்போதும் மருத்துவர் இருந்தார். முகாமில் அதற்கு ஏது ஆள்?

லிட்டருக்கு 22 கிராம் குளுக்கோஸ், 3.5 கிராம் சாப்பாட்டு உப்பு, 2.5 கிராம் சமையல் சோடா. கல்கத்தாவில் இவற்றை அளந்து, பிளாஸ்டிக் பைகளில் போட்டு, சூடான இஸ்திரிப் பெட்டியால் ஒட்டினார்கள். முகாமில் குழாய் வைத்த டிரம்களில் கரைத்தார்கள். பிறகு மகாலனபிஸ் எடுத்த முடிவுதான் எனக்கு மிகப் பெரியதாகத் தெரிகிறது: குவளையைத் தாயின் கையில், அண்ணன் கையில், உடன் வந்த யாருடைய கையிலாவது கொடுத்துவிட்டார். படிக்காத அகதிகள் இதைச் சரியாகச் செய்வார்கள் என்று நம்பினார். செய்தார்கள். முகாம்களில் நூற்றுக்கு 30 பேர் வரை இறந்துகொண்டிருந்த நிலை மாறி, இவரிடம் வந்தவர்களில் இறப்பு 4 சதவீதத்துக்கும் கீழே இறங்கியது.

அவர் 2022இல் காலமானார். பத்ம விபூஷண் 2023இல் அறிவிக்கப்பட்டது. உயிரோடு இருந்தபோதே கொடுத்திருக்க வேண்டிய விருது அது. எனக்கு இன்னும் ஆறவில்லை.

ஒன்றைக் கட்டாயம் கவனியுங்கள். பொட்டலத்தில் எவ்வளவு தண்ணீர் என்று அச்சிட்டிருக்கிறதோ, அந்த அளவில் முழுப் பொட்டலத்தையும் கரையுங்கள். 1 லிட்டருக்கான தூளை ஒரு டம்ளரில் கரைத்துக் குழந்தைக்குக் கொடுத்துவிடாதீர்கள்; உப்பு மிகுந்து கெடுதலாகிவிடும்.