எறும்புக்குக் கோடு, பூனைக்குக் கேடு

கோவை வானொலி நேயர்களுக்கு வணக்கம்.

ஐப்பசி மழை பிடித்தால் போதும், நம் கொங்குப் பக்கத்து வீடுகளில் எறும்பு சாரை சாரையாக உள்ளே வந்துவிடும். புற்றுக்குள் தண்ணீர் இறங்கினால் அதுவும் எங்கேதான் போகும்? நாமோ எறும்பு சாக்பீஸ் வாங்கிவந்து ஆசாரத்திலிருந்து சமையல்கட்டு வரைக்கும் கோடு இழுத்துவிடுகிறோம். கால்நடை மருத்துவனான எனக்கு அந்தக் கோட்டைக் கண்டால்தான் பயம்.

அதில் பெரும்பாலும் இருப்பது டெல்டாமெத்ரின், சைபர்மெத்ரின் வகைப் பூச்சிக்கொல்லி. நாயின் உடம்பு அதை ஓரளவு தாங்கும். பூனையின் ஈரலுக்கு அதை முறிக்கிற திறன் குறைவு. பூனை கோட்டை மிதித்துவிட்டு, ஓரமாக உட்கார்ந்து, விரலை விரித்து இடுக்கு இடுக்காக நக்கும். அப்புறம் எச்சில் ஒழுகும், காது துடிக்கும், உடம்பு நடுங்கும், வலிப்பும் வரலாம்.

"ஏனுங்க டாக்டர், நீலகிரித் தைலம் தெளிச்சா ஆகாதுங்களா?" என்று கேட்கிறார்கள். ஆகாது. பூனைக்கு அதுவும் கெடுதல்தான். கற்பூரமும் பாச்சா உருண்டையும் நாய், பூனை இரண்டுக்குமே விஷம்.

எறும்பு போகிற வழியெல்லாம் தரையில் வாசனையைப் பூசிக்கொண்டே போகும். பின்னால் வருவது அதைப் பிடித்துக்கொண்டு வரும். அதனால் எறும்பை நசுக்குவதைவிடத் தடத்தை அழிப்பதுதான் முக்கியம். சோப்புத் தண்ணீரில் துணியை நனைத்து, அது புறப்படுகிற சுவர் விரிசல் வரைக்கும் அழுத்தித் துடையுங்கள். காய்ந்ததும் விரிசலை வெள்ளை சிமெண்ட் வைத்து அடைத்துவிடுங்கள்.

நாயின் சோத்து வட்டலை, தண்ணீர் ஊற்றிய அகலமான தட்டின் நடுவில் வையுங்கள். அந்தத் தண்ணீரைத் தினமும் மாற்ற வேண்டும். இல்லாவிட்டால் எறும்பு போய் டெங்குக் கொசு வந்துவிடும். நாய் குட்டி போட்டிருந்தால் கீழே விரித்த சாக்கையும் அடிக்கடி மாற்றுங்கள். கண் திறக்காத குட்டிகளை எறும்பு மொய்த்துக் கடித்துவிடும்.

இதற்கும் அடங்காவிட்டால் நாட்டு மருந்துக் கடை வெண்காரம், அதாவது போராக்ஸ், இருக்கிறது. கால் லிட்டர் வெந்நீரில் 8 ஸ்பூன் அஸ்கா என்கிற வெள்ளைச் சர்க்கரை, அரை ஸ்பூன் வெண்காரம். அதற்கு மேல் போட்டால் எறும்பு வழியிலேயே செத்துவிடும், புற்றுக்கு எடுத்துப் போகாது. கரைசலில் பஞ்சை நனைத்துச் சிறு டப்பாவில் போட்டு, மூடியில் எறும்பு நுழையும் அளவுக்கு மட்டும் துளையிட்டு, இறுக மூடி, நாய் பூனைக்கு எட்டாத இடத்தில் வையுங்கள். வெண்காரமும் வயிற்றுக்குள் போனால் அவற்றுக்குக் கெடுதல்தான். முதலில் எறும்பு இன்னும் அதிகமாக வரும், விரட்டாதீர்கள். ஓரிரு வாரம் பொறுக்க வேண்டும்.

பூனை சாக்பீஸ் கோட்டை மிதித்துவிட்டால் பாதத்தை சோப்புப் போட்டுக் கழுவுங்கள். பால், எண்ணெய் எதுவும் ஊற்ற வேண்டாம். வாந்தி எடுக்க வைக்கவும் வேண்டாம். நடுக்கம் தெரிந்தால் உடனே மருத்துவரிடம் போங்கள். அந்த சாக்பீஸ் அட்டையையும் கையோடு கொண்டுபோங்கள், அதைப் பார்த்தால்தான் உள்ளே போனது எந்த மருந்து என்று எங்களுக்குத் தெரியும்.

வணக்கம்.