மனுவை வாபஸ் பெறும்போது உத்தரவில் இருக்க வேண்டிய ஒரு வரி

(திரையில்: பாரிமுனை, உயர் நீதிமன்றத்தின் சிவப்புக் கட்டடம்)

வணக்கம். தண்டையார்பேட்டையில் ஒரு குடும்பத்தின் வீட்டு முன்பகுதி ஆக்கிரமிப்பு என்று விளக்கம் கேட்டு மாநகராட்சியின் நோட்டீஸ் வந்திருப்பதாகவும், அதை எதிர்த்து உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு (அரசு அமைப்பின் செயலைக் கேள்வி கேட்கும் மனு) தாக்கல் செய்து அவர்கள் இடைக்காலத் தடை பெற்றிருப்பதாகவும் வைத்துக்கொள்வோம். இறுதி விசாரணையில், "நோட்டீஸுக்குப் பதிலே கொடுக்காமல் இங்கே வந்தது ஏன்?" என்று நீதிபதி கேட்கிறார். மனு நிற்காது என்பதை உணர்ந்த வழக்கறிஞர், வாபஸ் பெறுவதாக மனுக்கட்டில் எழுதிக் கையெழுத்திடுகிறார்.

(திரையில்: உத்தரவின் கடைசிப் பத்தி)

"வாபஸ் பெறப்பட்டதால் தள்ளுபடி செய்யப்படுகிறது" என்பதோடு உத்தரவு முடிந்தால், அதே விஷயத்துக்காக மீண்டும் படியேறும் வழி பெரும்பாலும் அடைபட்டுவிடும். உரிமையியல் நடைமுறைச் சட்டத்தின் கட்டளை 23, விதி 1 இதைத்தான் சொல்கிறது: நீதிமன்றத்தின் அனுமதியின்றி வழக்கைக் கைவிடுகிறவர் அதே பொருள் குறித்துப் புதிய வழக்குத் தொடர முடியாது. ஒரு நீதிபதியிடம் சாதகமில்லை என்றால் வாபஸ் வாங்கி வேறொரு நீதிபதியைத் தேடிப் போகும் வழக்கத்தைத் தடுப்பதற்காக, இந்தக் கொள்கையை 1986-இல் சர்குஜா டிரான்ஸ்போர்ட் வழக்கில் உச்ச நீதிமன்றம் ரிட் மனுக்களுக்கும் விரிவாக்கியது. சட்டவிரோதமாக அடைக்கப்பட்டவரை விடுவிக்கக் கோரும் ஆட்கொணர்வு மனுவுக்கும், உயிர், சுதந்திரம் பற்றிய அரசியலமைப்பின் 21-ஆம் பிரிவு உரிமையை நிலைநாட்டக் கோரும் மனுவுக்கும் இது பொருந்துவதாகக் கருத வேண்டாம் என்று அந்தத் தீர்ப்பே சொல்லி, அந்தக் கேள்வியைத் திறந்து வைத்தது. ஒருவருடைய உயிரும் சுதந்திரமும் சம்பந்தப்பட்ட இடத்தில் அது மிகச் சரியான விலக்கு.

ஆகவே வழக்கறிஞர் "லிபர்ட்டியோடு வாபஸ்", அதாவது மீண்டும் நீதிமன்றத்தை அணுகும் அனுமதியோடு வாபஸ், என்று கேட்க வேண்டும். எதற்கான லிபர்ட்டி என்பதும் தெளிவாக இருக்க வேண்டும். "சட்டப்படி உள்ள பிற பரிகாரங்களை நாடலாம்" என்ற பொதுவான வரி, புதிய ரிட் மனுவுக்கான அனுமதி ஆகாது என்று எதிர்த்தரப்பு வாதிட இடம் தரும். "மனுதாரர் நோட்டீஸுக்குப் பதில் அளிக்கலாம், பிறப்பிக்கப்படும் இறுதி உத்தரவு பாதகமாக இருந்தால் அதை எதிர்த்து இந்த நீதிமன்றத்தை அணுகலாம்" என்று பதிவாகியிருந்தால் அந்த வாதத்துக்கு வேலையில்லை. இறுதி உத்தரவு வந்தால் அதுவே புதிதாக வழக்குத் தொடர ஒரு காரணம்தானே, அனுமதி எதற்கு என்று கேட்கலாம். உண்மைதான், ஆனால் வீடு இடிபடும் அவசரத்தில் அதை வாதிட்டு நிறுவிக்கொண்டிருக்க யாருக்கும் நேரம் இராது.

பலரும் கவனிக்கத் தவறுவது தடையைத்தான். மனு முடிந்ததும் இடைக்காலத் தடையும் முடிந்துவிடும். லிபர்ட்டி கிடைத்திருந்தாலும் வீட்டுக்குப் பாதுகாப்பு இல்லை. அதனால், பதில் பரிசீலிக்கப்படும்வரை நடவடிக்கை எடுக்கக் கூடாது என்ற வரியையும் அதே மூச்சில் கேட்டுப் பெறுவது நல்லது.

உரிமையியல் வழக்காக இருந்தால் காலவரம்பையும் பார்க்க வேண்டும். அனுமதியோடு வாபஸ் பெற்றாலும், முதல் வழக்கே தாக்கலாகவில்லை என்பதுபோல் காலக்கெடுவைக் கணக்கிட வேண்டும் என்கிறது அதே கட்டளை 23-இன் விதி 2. அதிகார வரம்பு போன்ற குறைபாட்டால் வாபஸ் பெற அனுமதித்திருந்தால் மட்டும், முன்பு செலவான காலத்தைக் கழித்துக்கொள்ள 1963-ஆம் ஆண்டின் காலவரம்புச் சட்டம் பிரிவு 14 இடம் தருகிறது.

உத்தரவின் நகல் கைக்கு வந்ததும் கடைசிப் பத்தியைப் படியுங்கள். கேட்டுப் பெற்ற அனுமதி அதில் விடுபட்டிருந்தால், தாமதிக்காமல் அதே நீதிபதியின் முன் வழக்கைக் குறிப்பிட்டுத் திருத்தம் கோரும்படி வழக்கறிஞரிடம் சொல்லுங்கள்.