பொலன்னறுவைக்கு ஒரு நாள்

நேயர்களுக்கு வணக்கம்.

இலங்கையின் பழைய தலைநகரான பொலன்னறுவையைப் பார்க்க ஒரு நாள் போதுமா என்று பலரும் கேட்பதுண்டு. போதும். ஆனால் அந்த நாளை வேறெந்த இடத்தோடும் பங்கு போடக் கூடாது. சிகிரியாவையும் பொலன்னறுவையையும் ஒரே நாளில் காட்டுகிறோம் என்று சொல்லும் பயண ஏற்பாடுகள் நிறைய உண்டு. காலையில் சிகிரியாவில் ஏறக்குறைய 1,200 படி ஏறி இறங்கி, ஹபரணைப் பக்கம் சாப்பிட்டுவிட்டு, பிற்பகல் இரண்டு மணிக்குப் பொலன்னறுவையில் இறங்கினால் நிலைமை என்ன? கால் ஓய்ந்திருக்கும், கல் கொதித்துக்கொண்டிருக்கும். வழிகாட்டியும் நேரத்தைப் பார்த்துப் பார்த்து, வட்டதாகே என்ற வட்டக் கோயில், பாறையில் புத்தர் உருவங்களைச் செதுக்கிய கல்விகாரை இரண்டை மட்டும் காட்டி அனுப்பிவிடுவார். அந்தத் தலைநகரம் எப்படி இயங்கியது என்பது கடைசிவரை பிடிபடாது.

வரலாற்றை மூன்று ஆட்சிகளாக மனதில் வைத்துக்கொண்டால் போதும். 993ஆம் ஆண்டளவில் முதலாம் இராசராசன் படையெடுத்து அநுராதபுரத்தை வென்றபின், சோழர் தங்கள் நிர்வாக மையத்தை இங்கே வைத்தார்கள். சனநாதமங்கலம் என்று பெயரிட்டார்கள். 1070இல் முதலாம் விஜயபாகு சோழரை வெளியேற்றினான். அநுராதபுரத்துக்குத் திரும்பாமல் இந்த ஊரையே தலைநகராகத் தொடர்ந்தான். 1153 முதல் 1186 வரை ஆண்ட முதலாம் பராக்கிரமபாகுவும், 1187 முதல் 1196 வரை ஆண்ட நிசங்கமல்லனும் இன்று நாம் பார்க்கும் கட்டடங்களில் பெரும்பாலானவற்றைக் கட்டியவர்கள். 1215இல் கலிங்க மாகனின் படையெடுப்பு வந்தது. அந்த நூற்றாண்டிலேயே தலைநகரம் இடம் மாறிப்போனது. எந்தக் கட்டடத்தின் முன் நின்றாலும், இது சோழருடையதா, பராக்கிரமபாகுவுடையதா, நிசங்கமல்லனுடையதா, இவர்களுக்குப் பிந்தியதா என்று வழிகாட்டியிடம் கேளுங்கள். அந்த ஒரு கேள்வியே நாள் முழுவதையும் ஒழுங்குபடுத்திவிடும்.

இனி வழிகாட்டியைப் பற்றி. சுற்றுலா அபிவிருத்தி அதிகார சபையின் அனுமதி பெற்றவர்களிடம் அடையாள அட்டை இருக்கும். அதைக் காட்டச் சொல்லிக் கேட்பதில் தவறில்லை. அந்த அனுமதியிலும் தரங்கள் உண்டு. நாடு முழுவதும் கூட்டிச் செல்லக்கூடியவர் வேறு, குறிப்பிட்ட ஓரிடத்துக்கு மட்டும் அனுமதி பெற்றவர் வேறு, வாகனத்தையும் ஓட்டிக்கொண்டு வழிகாட்டுபவர் வேறு. பொலன்னறுவை ஒன்றுக்காகவே போவதென்றால் அந்த இடத்துக்கான வழிகாட்டியே மேல். எந்தக் கல்வெட்டு எந்த மூலையில் நிற்கிறது என்பது அவருக்குத் தெரிந்திருக்கும். தமிழில் விளக்கக்கூடியவர் வேண்டுமென்றால் சில நாட்களுக்கு முன்பே கேட்டு ஒழுங்குசெய்ய வேண்டும். வாசலில் போய் இறங்கியபின் தேடினால் பெரும்பாலும் ஆங்கிலமோ சிங்களமோ பேசுபவர்தான் கிடைப்பார்.

கூலியைப் பேசும்போது நான்கு விஷயங்களைத் தெளிவாக்கிக்கொள்ளுங்கள். எத்தனை மணிநேரம், நுழைவுச்சீட்டு அதில் சேருமா, வாகனம் யாருடையது, வழியில் கடைகளுக்குக் கூட்டிப்போவாரா. கடைசிக் கேள்வியை வெட்கப்படாமல் கேளுங்கள். மரச்சிற்பப் பட்டறை ஒன்றில் நுழைந்தால் முக்கால் மணிநேரம் போய்விடும், அந்த நேரம் சிவன் கோயிலுக்கு உரியது. பெரிய குழுவாகப் போகிறவர்கள் பத்துப் பேருக்கு ஒரு வழிகாட்டி என்று பிரித்துக்கொள்வது நல்லது. அதற்கு மேல் போனால் பின்னால் நிற்பவருக்குச் சொல்வது கேட்காது, அவர் படம் எடுக்கப் போய்விடுவார்.

வெளிநாட்டிலிருந்து வரும் உறவினர்களைக் கூட்டிப் போவோர் ஒன்றைக் கவனிக்க வேண்டும். அவர்களுக்கான நுழைவுச்சீட்டு பராக்கிரம சமுத்திரம் என்ற பெரிய குளத்தின் கரையிலுள்ள அருங்காட்சியகத்தில் கிடைக்கும். சீட்டில்லாமல் நேரே இடிபாடுகளின் வாசலுக்குப் போய்த் திரும்பி வருபவர்கள் ஏராளம். வாங்கிய சீட்டைக் கடைசிவரை கையில் வைத்திருங்கள், வெவ்வேறு இடங்களில் மறுபடி கேட்பார்கள். குறைந்த காசுக்கு வேறு வழியால் உள்ளே விடுகிறேன் என்பவரையும், நிலத்தில் கண்டெடுத்த பழைய நாணயம் என்று நீட்டுபவரையும் கடந்து போய்விடுங்கள்.

அருங்காட்சியகத்தைக் கடைசியில் பார்க்கலாம் என்று சிலர் சொல்வார்கள். வேண்டாம், அதுதான் முதலில். வெளியே நாம் பார்க்கப்போவது கல் தூண்களும் செங்கல் சுவர்களும்தான். அவற்றின் மேலிருந்த மரக் கூரை போய் நூற்றாண்டுகள் ஆகிவிட்டன. வட்டதாகே கூரையோடு எப்படி இருந்திருக்கலாம் என்று காட்டும் மாதிரியுருவங்கள் உள்ளே உண்டு. அவற்றைப் பார்த்துவிட்டுப் போனால்தான் வெறும் தூண் வரிசைகள் எதைத் தாங்கின என்பது விளங்கும். சிவன் கோயில்களை அகழ்ந்தபோது கிடைத்த வெண்கலத் திருவுருவங்களும் அங்கே இருக்கின்றன. இன்னும் பல கொழும்பு தேசிய அருங்காட்சியகத்தில் உள்ளன. ஒரு மணிநேரம் ஒதுக்குங்கள்.

அடுத்தது அரண்மனைப் பகுதி. பராக்கிரமபாகுவின் மாளிகை ஏழு மாடியும் ஆயிரம் அறையும் கொண்டது என்று வரலாற்று நூல் சொல்கிறது. இன்று நிற்பது ஏறக்குறைய மூன்று மீட்டர் தடித்த செங்கல் சுவர்கள். சுவரில் வரிசையாகத் தெரியும் பெரிய குழிகள் மாடித் தளத்தின் மர உத்தரங்கள் செருகிய இடங்கள். வழிகாட்டி சொல்லாவிட்டாலும் அண்ணாந்து பாருங்கள். பக்கத்திலுள்ள மந்திராலோசனை மண்டபத்தின் அடித்தளத்தில் யானைகள் வரிசையாக நடக்கின்றன. சிறிது தள்ளிக் கீழே இறங்கினால் குமார பொக்குண என்ற நீராடும் குளம். இந்தப் பகுதியில் நிழல் குறைவு, ஆகவே காலை எட்டரைக்குள் வந்துவிட வேண்டும்.

பத்து மணிக்குள் தளதா மளுவ என்ற புனிதக் கட்டடங்களின் மேடையில் ஏறிவிடுங்கள். இதற்குக் காரணம் பாதம். வட்டதாகே போன்ற புனித கட்டடங்களில் செருப்பையும் தொப்பியையும் கழற்ற வேண்டும். பதினொரு மணிக்குப் பிறகு அந்தக் கல்தளத்தில் வெறுங்காலோடு நிற்க முடியாது. தடித்த பருத்திக் காலுறை ஒரு சோடி பையில் இருக்கட்டும். தோளும் முழங்காலும் மூடிய உடைதான் இங்கே பொருத்தம். புத்தர் சிலைக்கு முதுகு காட்டி நின்று படம் எடுப்பதை யாரும் அனுமதிக்க மாட்டார்கள். பிள்ளைகளுக்கு வாகனத்திலேயே சொல்லிவிடுங்கள்.

வட்டதாகேயின் வடக்கு வாசலில் படியடியில் உள்ள அரைவட்டச் சிற்பக் கல்லான சந்திரவட்டக்கல்லின் முன் குனிந்து பாருங்கள். அநுராதபுரத்துச் சந்திரவட்டக்கற்களில் யானை, குதிரை, சிங்கம், எருது நான்கும் ஒரே வளையத்தில் கலந்து ஓடும். இங்கே யானை ஒரு வளையத்திலும் குதிரை இன்னொரு வளையத்திலும் தனித்தனியாக ஓடுகின்றன, எருது இல்லை. சைவர்கள் போற்றும் நந்தியைக் காலால் மிதிக்கலாகாது என்று அதை நீக்கினார்கள் என்பதே பொதுவாகச் சொல்லப்படும் விளக்கம். கிழக்கு வாசலுக்குச் சுற்றி வந்து காவற்கற்களைப் பார்க்கலாம்.

அதே மேடையில் கல்பொத்த என்ற கல் புத்தகம் கிடக்கிறது. எட்டு மீட்டருக்கு மேல் நீளமான, ஏறக்குறைய 25 தொன் எடையுள்ள ஒரே கல். நிசங்கமல்லன் தன் புகழை அதில் எழுதுவித்தான், அந்தக் கல்லை மிகிந்தலையிலிருந்து கொண்டுவந்ததையும் அதிலேயே சொல்லியிருக்கிறான். எல்லா வழிகாட்டிகளும் இங்கே நிறுத்தி விளக்குவார்கள்.

ஆனால் அட்டதாகேயின் அருகே நிற்கும் ஒரு பலகைக் கல்லைக் கடந்து போய்விடுகிறார்கள். அது தமிழ்க் கல்வெட்டு. புத்தரின் பல்லை வைத்துப் போற்றிய தந்ததாதுக் கோயிலான இந்த அட்டதாகேயை விஜயபாகு கட்டுவித்தான். அவன் காலமான பிறகு அதைக் காக்கும் பொறுப்பை வேளைக்காரப் படையினர் ஏற்றுக்கொண்டார்கள். அந்த உறுதிமொழியைத்தான் அவர்கள் கல்லில் வெட்டிவைத்தார்கள். கோயிலை ‘மூன்றுகைத் திருவேளைக்காரன் தளதாய்ப் பெரும்பள்ளி’ என்று அழைத்து, தங்கள் காவலில் எடுத்துக்கொண்டார்கள். பௌத்தத்தின் மிகப் புனிதமான பொருளுக்குத் தமிழ் வீரர்கள் காவல் நின்ற செய்தி, அவர்களுடைய மொழியிலேயே, பன்னிரண்டாம் நூற்றாண்டிலிருந்து அங்கே நிற்கிறது. சோழரை விரட்டிய மன்னன் கட்டிய கோயிலுக்கு அடுத்த தலைமுறையில் இப்படியொரு காவல் என்பதை எண்ணிப்பாருங்கள்! இந்த நகரத்தை இரண்டு இனங்களின் போர்க்களமாக மட்டும் சொல்லித்தரும் எவரையும் இந்தக் கல்லுக்கு முன் அழைத்துவந்து நிறுத்த வேண்டும். வழிகாட்டியிடம் “வேளைக்காரர் கல்வெட்டு” என்று பெயர் சொல்லியே கேளுங்கள், உடனே கூட்டிப்போவார்.

சிவன் கோயில்களில் ஒரு குழப்பம் அடிக்கடி நடக்கிறது. முதலாம் இலக்கச் சிவ தேவாலயம் என்று பெயர்ப்பலகையில் இருப்பதால் அதுதான் பழையது, சோழருடையது என்று நினைத்துவிடுகிறார்கள். அந்த இலக்கங்களைக் கால வரிசை என்று கொள்ளாதீர்கள். தளதா மளுவவுக்குத் தெற்கே உள்ள முதலாவது கோயில் பாண்டியர் பாணியில் பதின்மூன்றாம் நூற்றாண்டில் எழுந்தது. கற்களை இழைத்துப் பொருத்திய நேர்த்தியைச் சுவரில் கைவைத்தால் உணரலாம், கூரைதான் இல்லை. சோழர் கட்டியது இரண்டாம் இலக்கம். வடக்கே போகும் வழியில், பபளு வெஹெர என்ற தூபிக்கு அருகே, பிரதான பாதையை விட்டுக் கிழக்காகத் திரும்ப வேண்டும். அதன் பெயர் வானவன்மாதேவி ஈச்சரம். இராசராசனின் தேவியும் இராசேந்திரனின் தாயுமான வானவன் மாதேவியின் பெயரால் அமைந்தது. அடி முதல் சிகரம் வரை கல்லால் ஆனதால் முழுமையாக நிற்கிறது. இந்த நகரத்தில் இன்று நிற்கும் மிகப் பழைய கட்டடமும் இதுதான். சுவர்களில் சோழர் காலத் தமிழ் எழுத்துகள் ஓடுகின்றன. வெயில் சாய்வாக விழும் காலையிலோ மாலையிலோ அவற்றை வாசிக்க எளிது. உச்சி வெயிலில் எழுத்தின் பள்ளம் மறைந்துவிடும். சுவரில் தண்ணீர் தெளிப்பது, சுண்ணாம்புக் கட்டியால் எழுத்தை நிரப்புவது எதுவும் வேண்டாம். கைத்தொலைபேசி விளக்கைப் பக்கவாட்டில் பிடித்தாலே எழுத்து எழும்பித் தெரியும்.

பன்னிரண்டரைக்கு வெளியே வந்து சாப்பிடுங்கள். சோறு, பராக்கிரம சமுத்திரத்து மீன், எருமைத் தயிர். இரண்டரை வரை நிழலில் இருங்கள். தலைக்கு இரண்டு லீற்றர் தண்ணீருக்குக் குறையாமல் வைத்திருக்க வேண்டும். குரங்குகள் பையைத் திறக்கப் பழகியவை. சாப்பாட்டுப் பொட்டலத்தை வெளியே எடுக்காதீர்கள்.

பிற்பகல் வடக்குப் பகுதி. அரண்மனையிலிருந்து வடகோடியிலுள்ள திவங்க சிலைமண்டபம் வரை ஏறக்குறைய ஐந்து கிலோமீட்டர். இளைஞர்கள் வாடகைச் சைக்கிளில் போகலாம். எடுக்கும்போதே பிரேக்கையும் பூட்டையும் சோதித்துக்கொள்ளுங்கள். முதியவர்கள் இருந்தால் வான் அல்லது ஓட்டோ. முதலில் லங்காதிலக சிலைமண்டபம், பதினேழு மீட்டர் உயரச் சுவர்களுக்கு நடுவே தலையிழந்த புத்தர் நிற்கிறார். அருகே கிரி வெஹெர, பழைய சுண்ணச் சாந்து இன்னும் ஒட்டியிருக்கும் தூபி. அங்கிருந்த பிக்குகளுக்கான வைத்தியசாலையின் அடித்தளத்தையும் கேட்டுப் பாருங்கள்.

மூன்றரைக்குப் பிறகு கல்விகாரை. ஒரே பாறையில் நான்கு உருவங்கள்; நிற்பவர் ஏறக்குறைய ஏழு மீட்டர், சயனத்தில் இருப்பவர் பதினான்கு மீட்டர். சயன உருவத்தின் பாதங்களைக் கவனியுங்கள். மேலே உள்ள பாதம் சற்றுப் பின்வாங்கியிருக்கிறது. உறங்குபவரை அல்ல, பரிநிர்வாணம் அடைந்தவரைக் காட்டும் குறிப்பு அது. தலையணையில் தலையின் பாரம் அழுத்திய குழிவையும் சிற்பி செதுக்கியிருக்கிறான். எதிர்ப்பாறையில் அமர்ந்து இருபது நிமிடம் பார்க்க விடுமாறு வழிகாட்டியிடம் சொல்லுங்கள். நேரம் மிஞ்சினால் தாமரைக் குளமும் திவங்க மண்டபத்து ஓவியங்களும். மண்டபத்தின் உள்ளே படம் எடுக்க அனுமதி இல்லை.

காலத்தைப் பொறுத்தவரை, நவம்பர் முதல் ஜனவரி வரை வடகீழ்ப் பருவமழை. ஓகஸ்ட் வரண்டது, வெக்கை கடுமை. பௌர்ணமி நாட்களான போயா தினங்களில் யாத்திரிகர் கூட்டம் அதிகம். அமைதியாகப் பார்க்க விரும்புவோர் வேறு நாளைத் தெரிவுசெய்யலாம்.

போக்குவரத்தில் ஒன்றை மறக்க வேண்டாம். பொலன்னறுவைப் புகையிரத நிலையமும் பிரதான பஸ் நிலையமும் பழைய நகரத்தில் இல்லை. நான்கு கிலோமீட்டர் கிழக்கே கதுறுவெலவில் இருக்கின்றன. மட்டக்களப்பிலிருந்து வருபவர்கள் அங்கேயே இறங்கி ஓட்டோ பிடிக்கலாம். கண்டி, கொழும்புப் பக்கம் திரும்புகிறவர்கள் பழைய நகரத்தில் காத்து நிற்காமல் கதுறுவெலவுக்கே போய் ஏறினால் இருக்கை கிடைக்கும். பஸ் நகரத்துக்கு வரும்போது நிறைந்திருக்கும். சொந்த வாகனத்தில் ஹபரணை வழியாகப் போவோர் ஐந்து மணிக்கே புறப்படுங்கள். மின்னேரியாவை ஒட்டிய வீதியில் பொழுது சாய்ந்தபின் யானைகள் குறுக்கே வரும். அவை கடந்து முடியும்வரை தூரத்திலேயே நிறுத்தி, ஹோன் அடிக்காமல் காத்திருக்க வேண்டும்.

வணக்கம்.